எங்கள் உம்மாவை யாரும் கூட்டிக்கொண்டு ஓடவில்லை

படைத்தவன் பெயரைச் சொல்லித் தொடங்குகிறேன். எங்கள் உம்மா மண்ணுக்குள் போய் ஒரு வருடம் ஆகிறது. இந்த நினைவு மலரைக் கையில் வைத்திருக்கும் உங்களில் பலர் அவருடைய ஜனாஸாவுக்கு வந்தவர்கள். மற்றவர்கள் வெளிநாட்டில் இருந்து தொலைபேசியில் அழுதவர்கள். எல்லோருக்கும் எங்கள் ஸலாம்.

இந்தக் கட்டுரையைத் தம்பிதான் எழுத இருந்தான். அட்டாளைச்சேனையில் படிப்பிக்கிறவன், தமிழ் அவனுக்கு நன்றாக வரும். அவன் எழுதியதை வாங்கி வாசித்தேன். "உரிய வயதில் இல்லற வாழ்வில் இணைந்தார்" என்று ஒரு வரி இருந்தது. உம்மாவின் கலியாணம் அந்த ஒரு வரியோடு முடிந்துவிட்டது.

"ஏண்டா இப்பிடி எழுதின?" என்றேன்.

"சொந்தக்காரங்க வாசிக்கிற புத்தகம் ராத்தா. பழசக் கிண்டி என்னத்துக்கு?"

பழசை நாங்கள் கிண்டவில்லை. இந்த ஊரில் எந்தப் பெண் பிள்ளை வாய் திறந்து ஒரு மாப்பிள்ளை வேண்டாம் என்றாலும், "மேசனோட ஓடினாளே போடியார்ர மகள், அந்த மாதிரி வரப் பாக்கிறியா?" என்று இன்றைக்கும் கேட்கிறார்கள். என்னுடைய மகளிடமே ஒருத்தி கேட்டாள். கேட்டவளுக்கு அந்தப் போடியார் மகள் இவளுடைய உம்மும்மா, என்னைப் பெற்றவர், என்று தெரியாது. அதனால் தம்பியின் கையில் இருந்ததை வாங்கி நான் எழுதுகிறேன். வசனம் சரியில்லாவிட்டால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

இன்னொன்றையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உம்மாவுக்கு ஒரே தம்பி, எங்கள் மாமா. அவர் அச்சுக்குப் போகும் முன் பார்த்து ஒரு திருத்தம் சொன்னார். வாப்பாவின் தொழில் 'மேசன்' என்று இருப்பதைக் 'கட்டிட ஒப்பந்தக்காரர்' என்று மாற்றட்டாம்.

"நாலு ஊருக்குப் போற புத்தகம் மகள். பாக்கிறவங்க என்ன நினைப்பாங்க?"

வாப்பா ஒரு நாளும் ஒப்பந்தம் எடுத்தவர் இல்லை. சுவர் கட்டியவர், சாந்து பூசியவர். மேசன் என்றே அச்சடித்திருக்கிறோம். வாப்பாவின் முகத்துக்கு நேரே ஆயுள் முழுக்க 'மேசன்' என்று கூப்பிட்டவரும் இதே மாமாதான். மச்சான் என்று ஒரு தடவை வாயில் வந்ததில்லை. கூப்பிடும்போது கூசாத சொல் அச்சில் வரும்போது மட்டும் ஏன் கூசுகிறது என்று எனக்கு விளங்கவில்லை.

இனி உம்மாவைப் பற்றி.

உம்மா கல்முனைப் பக்கத்தில் பெரிய போடியார் வீட்டில் மூத்த மகளாகப் பிறந்தார். சவளக்கடைப் பக்கம் அவர்களுக்கு வயல்கள் இருந்தன. அறுப்புக் காலத்தில் நெல் வண்டிகள் வாசலில் வரிசையாக நிற்குமாம். உம்மாவுக்குப் பிறகு சாச்சி, அதற்குப் பிறகு மாமா. உம்மா வகுப்பில் முதலாவதாக வந்தவர். பெரிய பிள்ளையானதும் பள்ளிக்கூடத்தில் இருந்து நிறுத்திவிட்டார்கள். அதன் பிறகு வீட்டுக்கு வரும் பத்திரிகையை ஒரு எழுத்து விடாமல் வாசிப்பாராம். சாமான் சுற்றி வரும் கடதாசியையும் விரித்து வாசிப்பாராம். எங்களுக்குத் தெரிந்த காலத்திலும் அப்படித்தான்.

எங்கள் கிழக்குக் கரையில் வீடு பெண்ணுக்குத்தான். தகப்பன் மகளுக்கு வீடு கட்டுவார், மாப்பிள்ளை உடுப்புப் பெட்டியோடு அந்த வீட்டுக்கு வந்து சேருவார். கொழும்பிலும் வெளிநாட்டிலும் பிறந்த நம் பிள்ளைகளுக்காக இதைச் சொல்கிறேன். உம்மாவின் வாப்பாவும், அதாவது எங்கள் மூத்தவாப்பாவும், மூத்த மகளுக்கு வளவுக்குள்ளேயே ஒரு கல் வீடு கட்டத் தொடங்கினார். ஒரு பிரக்கிராசியாரின், அதாவது சட்டத்தரணியின், மகனுக்குப் பேச்சு நடந்துகொண்டிருந்தது. அந்த மாப்பிள்ளையின் தகுதிக்கு ஏற்ற வீடு வேண்டும் என்று பெரிதாகவே தொடங்கினார்.

அந்த வீட்டைக் கட்ட வந்த மேசன்களில் இளையவர்தான் எங்கள் வாப்பா. சாய்ந்தமருதில் கரைவலை இழுத்தவரின் மகன். கடலுக்குப் போகப் பிடிக்காமல் சுவர் கட்டப் பழகியவர்.

உம்மா வேலிக்கு இந்தப் பக்கம் நின்று ஒரு நாள் கேட்டிருக்கிறார். "இஞ்சேருங்க, அடுப்படிக்கு ஜன்னல் வைக்கல்லையா?"

வாப்பா சுற்றிப் பார்த்துவிட்டுச் சொல்லியிருக்கிறார். "போடியார் வேணாம் எண்டாரு. றோட்டுக்குத் தெரியுமாம்."

"அந்த அடுப்படியில புகை குடிக்கப் போறது போடியாரா, நானா?"

வாப்பாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டதாம். மறுநாள் அந்தச் சுவரில் ஜன்னலுக்கு இடம் விட்டுக் கட்டியிருந்தார். மூத்தவாப்பா பார்த்துவிட்டுக் கத்தினார்.

"டேய், ஆர்ரா உனக்கு ஜன்னல் வைக்கச் சொன்ன?"

"ஒருத்தரும் சொல்லல்ல போடியார். எனக்குத்தான் தோணிச்சு."

"உனக்குத் தோண நீ ஆரு? உடைச்சு அடை."

வாப்பா அடைத்தார். மற்ற மேசன்கள் பார்த்துக்கொண்டு நிற்க ஏச்சு வாங்கினார். உம்மாவின் பெயர் மட்டும் அவர் வாயில் இருந்து வரவில்லை. உம்மா எங்களுக்கு இதைப் பல தடவை சொல்லியிருக்கிறார். "எனக்காக ஏச்சு வாங்கிட்டு, தலையக் குனியாம நிண்டாரு. நான் அண்டைக்கே முடிவெடுத்திட்டன். அந்த மனுசனுக்குத்தான் தெரியாது." வாப்பா பக்கத்தில் இருந்தால், "தெரிஞ்சிருந்தா அடுத்த வளவுக்கு வேலைக்குப் போயிருப்பன்" என்பார்.

அதற்குப் பிறகும் அவர்கள் கதைத்தது வேலிக்கு இரண்டு பக்கமும் நின்றுதான். ஒரு விரல் பட்டதில்லை. ஓட்டம் எங்கிருந்து வந்தது? சொந்தக்காரர்களின் வாயில் இருந்து வந்தது.

பிரக்கிராசியார் வீட்டில் நாள் குறிக்க வந்தபோது உம்மா தகப்பனின் முன்னால் வந்து நின்றார். அந்தக் காலத்தில், அந்த வீட்டில், அது சின்னக் காரியம் இல்லை.

"இந்த மாப்பிள்ளை எனக்கு வேணாம் வாப்பா. அந்த மேசனுக்குக் காவின் எழுதித் தாங்க."

"சுவர் கட்டினவனுக்கெல்லாம் பொண்ணுக் குடுக்கேலுமா?"

"சுவர் கட்டினவருக்குக் குடுக்கச் சொல்லல்ல. நான் கேக்கிறவருக்குக் குடுங்க."

அடி விழுந்தது. அறையில் வைத்துப் பூட்டினார்கள். உம்மா சாப்பாட்டை ஒதுக்கவில்லை, அழவும் இல்லை. சாப்பிட்டுவிட்டு, தொழுதுவிட்டு, கேட்டவர்களுக்கெல்லாம் அதே பதிலைச் சொன்னார். அந்த மாதங்களில் அவரோடு கதைத்தது சாச்சி மட்டும்தான். அதுவும் கதவுக்கு வெளியே நின்று.

கடைசியில் மூத்தவாப்பா ஒரு வழி கண்டுபிடித்தார். குடும்பமே அதைப் பெரிய புத்தி என்று மெச்சியது. இந்தக் கரையில் மாப்பிள்ளை வருவது வீட்டுக்கு. மேசன் ஆசைப்பட்டது தான் கட்டிய அந்தக் கல் வீட்டுக்கு. வீடு இல்லை என்று சொன்னால் அவன் தானாகவே கழன்றுவிடுவான். இதுதான் அவர்களுடைய கணக்கு. அவர் ஆள் விட்டுச் சொன்னார். "பொண்ணுக்குப் பொறுப்பான வலீயா இருந்து நானே காவின் முடிச்சுத் தாறன். வீடு இல்ல. ஓலைக் குடிசையும் இல்ல. சம்மதமெண்டா வெள்ளிக்கிழமை அசருக்குப் பொறகு வரட்டும்."

வர மாட்டார் என்று அவ்வளவு நம்பிக்கை. அந்த வெள்ளிக்கிழமை வீட்டில் உலை வைக்கவில்லை. பாய் விரிக்கவில்லை. மூத்தவாப்பா சட்டை கூடப் போடாமல் சாய்மனைக் கதிரையில் படுத்திருந்தாராம். பள்ளிவாசல் லெப்பையைக் கூப்பிட்டு வைத்தது கூட, மாப்பிள்ளை வராததற்குச் சாட்சி வேண்டும் என்றுதான்.

வாப்பா வந்தார். தகப்பனோடும் கரைவலைக்காரர்களோடும், எல்லோரும் துவைத்த சாரனும் தொப்பியுமாக, ஒரு தட்டில் பேரீச்சம்பழத்தோடு வந்தார்.

மூத்தவாப்பா எழும்பி நின்று கேட்டார். "வீடு இல்லயெண்டு சொன்னது உனக்கு விளங்கல்லையா?"

"விளங்கிச்சு போடியார்."

"பொறகு என்னத்துக்கு வந்த?"

"காவினுக்கு வந்த."

வலை இழுக்கிற ஒருவர் பின்னால் இருந்து, "போடியார், சட்டையப் போட்டுட்டு வாங்க, அசர் தொழுதாச்சு" என்றாராம். சொன்ன சொல்லை மாற்றினால் போடியார் என்ற பேர் என்ன ஆவது? போய்ச் சட்டை போட்டுக்கொண்டு வந்தார்.

லெப்பை திரைக்கு அந்தப் பக்கம் பெண்ணிடம் சம்மதம் கேட்டார். பெண்கள் பேசாமல் இருப்பார்கள், அதையே சம்மதம் என்று எடுத்துக்கொள்வார்கள். உம்மா பேசாமல் இருக்கவில்லை. "ஓம், எனக்குச் சம்மதம்" என்று வாசல் வரைக்கும் கேட்கச் சொன்னார். அதன் பிறகு மூத்தவாப்பா வாப்பாவின் கையைப் பிடித்து, லெப்பை சொல்லிக்கொடுத்ததைச் சொல்லி, மகளை ஒப்படைத்தார். வந்தவர்கள் கொண்டுவந்த பேரீச்சம்பழத்தைத்தான் வீட்டுக்காரர்களும் சாப்பிட்டார்கள்.

வலீ தகப்பன். லெப்பை ஊர் லெப்பை. நேரம் அசருக்குப் பிந்திய நல்ல வெளிச்சம். பெண் தன் வாயால் சொன்ன சம்மதம். இதற்குப் பேர்தான் ஓட்டமா? நீங்களே சொல்லுங்கள்.

வாப்பாவுக்கும் வீடு இல்லை. அவருடைய தாயின் வீடு அவருடைய ராத்தாவுக்குப் போயிருந்தது. கலியாணம் முடிக்கும் வரை ஆண்பிள்ளைக்கு இந்தக் கரையில் சொந்தமாக ஒரு கூரை இல்லை. அதனால் வலைக்காரர்கள் வலையும் மீனும் வைக்கும் தங்கள் வாடிக் கொட்டில் ஒன்றைக் காலி செய்து கூட்டித் துடைத்துக் கொடுத்தார்கள். உம்மா கலியாணச் சேலையோடு வாப்பாவுக்குப் பக்கத்தில் நடந்து கடற்கரைக்குப் போனார். மாப்பிள்ளை பெண் வீட்டுக்குப் போவதைத்தான் ஊர் கண்டிருக்கிறது. தெருவில் சனம் கூடிவிட்டது. "போடியார்ர மகள் மாப்பிள்ளை போறா, வந்து பாருங்கடி!" என்று ஒருத்தி கத்தினாளாம். உம்மா நின்று, "பாத்து முடிஞ்சா வழிய விடுங்க, கால் சுடுது" என்று சொல்லிவிட்டு நடந்தாராம்.

அந்தக் கல் வீடு சாச்சிக்குப் போனது. பிரக்கிராசியார் மகனும் சாச்சிக்கே போனார். சாச்சியிடம் யாரும் கேட்கவில்லை.

வாடியில் உம்மா கஷ்டப்பட்டார். அதைப் பூசி மெழுக மாட்டேன். மழைக்கு ஒழுகும், காற்றுக்கு மணல் சோற்றில் விழும். அவருக்குக் கறி ஆக்கத் தெரியாது. முதலில் மீன் ஆணம் காய்ச்சிப் பழக்கியவர் வாப்பா. உம்மா முதல் முதலில் தனியாகக் காய்ச்சிய ஆணத்தை வாப்பா குடித்துவிட்டு, "சீமெந்து நல்லா இறுகியிரிக்கி" என்றாராம். உம்மா அந்தச் சட்டியை அப்படியே அவருக்கு முன்னால் தள்ளி, "அப்ப சுவருக்குப் பூசுங்க" என்றாராம். வாப்பாவும் விடாமல் முழுவதையும் சாப்பிட்டார்.

பின்னேரங்களில் வாப்பா வேலையால் வந்தால் சீமெந்து தின்ற கையும் வெடிப்புமாக இருப்பார். உம்மா தேங்காய் எண்ணெய் தேய்த்துவிடுவார். பிறகு பத்திரிகையை எடுத்து வாசித்துக் காட்டுவார். வாப்பாவுக்கு எழுத்துக் கூட்டித்தான் வாசிக்க வரும். "நீ வாசிக்கிறது எல்லாம் கூடாத செய்தியாவே இரிக்கி, நல்லதா ஒண்டு வாசியன்" என்பார். "நல்லது நடந்தாத்தானே போடுவாங்க" என்பார் உம்மா. கடைசி வருடங்களில் கண் மங்கிய பிறகும் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்து வாசித்தார். அயல் பெண் பிள்ளைகளுக்கு ஓதிக்கொடுத்தார், கூடவே தமிழும் படிப்பித்தார். கோபக்காரி. யாரிடமும் எதையும் கேட்டு வாங்காதவர்.

வாப்பா கொஞ்சம் கொஞ்சமாகக் கல் சேர்த்து ஒரு சின்ன வீடு கட்டினார். மருதமுனையில் இருந்து அக்கரைப்பற்று வரை மற்றவர்களின் பெண் பிள்ளைகளுக்கு வீடு கட்டிக்கொடுத்துவிட்டு, மிச்ச நேரத்தில் கட்டிய வீடு. எனக்கும் தங்கச்சிக்கும் அவர்தான் கட்டித் தந்தார்.

போடியார் குடும்பத்தில் கலியாணங்கள் நடந்தன. மாமா அழைக்க வருவார். படலைக்கு வெளியே நின்று, "ராத்தா, நீங்க பிள்ளைகளோட வாங்க" என்பார். வாப்பா உள்ளே இருப்பது தெரியும். உம்மா, "எங்கட வீட்டில பசிக்கிறது எனக்கு மட்டும் இல்ல தம்பி" என்று சொல்லி அனுப்பிவிடுவார். ஒரு கலியாணத்துக்கும் போகவில்லை. தன் தகப்பன் இறந்தபோது மையித்துக்கு மட்டும் போனார். வாப்பாவும் கூடப் போய்ப் படலைக்கு வெளியே வெயிலில் நின்றார். ஒருவரும் உள்ளே வரச் சொல்லவில்லை.

சுனாமி வந்தபோது எங்கள் சின்ன வீடு அத்திவாரத்தோடு போனது. உயிர் தப்பிப் பள்ளிக்கூடத்தில் கிடந்தோம். கல் வீடு உள்பக்கம் இருந்ததால் அதற்கு ஒன்றும் ஆகவில்லை. மாமா ஆள் அனுப்பினார். "ராத்தாவையும் பிள்ளைகளையும் வரச் சொல்லுங்க." ஊரே மையித்துக்களைத் தேடிக்கொண்டிருந்த நேரம். அப்போதும் வாப்பாவின் பெயர் வரவில்லை. உம்மா அந்தப் பள்ளிக்கூடத்துச் சீமெந்துத் தரையில் வாப்பாவுக்குப் பக்கத்திலேயே இருந்தார். மாமாவின் இந்த அழைப்பை நான் மன்னிக்கவில்லை. அல்லாஹ் மன்னிப்பான், அது அவனுடைய வேலை.

வாப்பா திரும்பவும் கட்டினார். அந்த வீட்டில்தான் உம்மா கண் மூடினார். கொஞ்சக் காலம் இருதய நோய். வாப்பாதான் மருந்து கொடுத்தார், தலை சீவிவிட்டார். ஒரு நாள் விடியலில் சுபஹு தொழுதுவிட்டுப் படுத்த உம்மா எழும்பவில்லை.

அன்று காலை மாமா வந்தார். படலையைத் தாண்டி உள்ளே வந்தது அதுதான் முதல் தடவை. அழுதார், அது உண்மையான அழுகைதான். கண்ணைத் துடைத்துவிட்டுச் சொன்னார்.

"மேசன், ஒரு கதை கதைக்கணும். ராத்தாவ அந்த வீட்டில இருந்து எடுப்பம். அங்க டென்ட் அடிக்கச் சொல்லிட்டன். பெரிய ஆக்கள் வருவாங்க, இந்த ஒழுங்கைக்குள்ள வாகனம் வராது. போடியார்ர மகள் அவட வாப்பா கட்டின வீட்டில இருந்து போனாத்தான் மரியாதை."

உயிரோடு இருந்தவரை அவரையும் வாப்பாவையும் சேர்த்து அந்த வீட்டு வாசலை மிதிக்க விடாதவர்கள், மையித்தை வரவேற்க டென்ட் அடித்திருந்தார்கள்.

வாப்பா சுவரில் சாய்ந்திருந்தார். "மண்ணுக்குத்தானே போறா. எங்க இருந்து எடுத்தா என்ன? உங்கட விருப்பம்" என்றார்.

"வாப்பா, நீங்க சும்மா இரிங்க!" என்று நான் கத்திவிட்டேன். மையித்து வீட்டில் அப்படிக் கத்தியது பிழை என்று இன்றைக்கும் சொல்கிறார்கள். எனக்கு அது பிழையாகத் தெரியவில்லை.

அப்போதுதான் உம்மாவின் தலைமாட்டில் இருந்த சாச்சி எழும்பினார். செய்தி கேட்ட உடனேயே ஓட்டோ பிடித்து வந்திருந்தார்.

"தம்பி, அந்த வீடு ஆர்ர?"

"என்ன ராத்தா இப்ப அத..."

"ஆர்ர வீடு எண்டு கேட்டன்."

"உங்கட வீடுதான்."

"ஓம், என்ட வீடு. வாப்பா எனக்குத்தான் எழுதின. உனக்கு ஒரு ஓடும் இல்ல அதில. டென்டக் கழட்டச் சொல்லு."

"ஊரு என்ன சொல்லும் ராத்தா?"

"ஊரு சொல்லட்டும். ராத்தாவையும் அவட மாப்பிள்ளையையும் ஒரு நாள் கூப்பிட்டு ஒரு பிடி சோறு போட எனக்குத் துணிவு வரல்ல. நீயும் விடல்ல. உயிரோட வராத வீட்டுக்கு மையித்து வராது."

பிறகு வாப்பாவின் பக்கம் திரும்பினார். "மச்சான், எழும்புங்க. ராத்தா உங்கட வீட்டுக்குத்தானே வந்தா. உங்கட வீட்டில இருந்துதான் போவா."

பெண்ணுக்குத்தான் வீடு என்று வைத்திருந்த இதே வழக்கம், அன்றைக்கு மாமாவின் வாயை அடைத்தது. வீட்டுக்காரி வேண்டாம் என்றால் வேண்டாம்தான். டென்ட் கழற்றப்பட்டது. பெரிய ஆட்கள் வாகனத்தை றோட்டில் விட்டுவிட்டு ஒழுங்கைக்குள் நடந்து வந்தார்கள். சாச்சியும் நாங்களும் சேர்ந்து உம்மாவைக் குளிப்பாட்டினோம். சாச்சி அன்று செய்தார் என்பதற்காக, அதுவரை சும்மா இருந்த அத்தனை வருடத்தையும் நான் மறந்துவிடவில்லை. அதை அவரிடமே சொல்லிவிட்டேன். "மறக்க வேணாம் மகள்" என்றார்.

இனி நன்றி. கபுறு வெட்டிய அயல் பிள்ளைகளுக்கும், தங்கள் அடுப்பில் சோறாக்கித் தந்த ஒழுங்கை மக்களுக்கும், சந்தூக்கைத் தோளில் சுமந்தவர்களுக்கும், உம்மாவின் நோயில் முகம் சுளிக்காமல் பார்த்த தாதிமாருக்கும், வாடியைக் காலி செய்து கொடுத்த அந்த வலைக்காரர்களில் உயிரோடு இருப்பவர்களுக்கும், இறந்தவர்களின் பிள்ளைகளுக்கும் எங்கள் நன்றி. அல்லாஹ் உங்கள் வீடுகளில் பரக்கத்தைத் தரட்டும். உம்மாவின் கபுறை விசாலமாக்கி, அவருக்குப் பிடித்த வெளிச்சத்தை அதில் போடட்டும்.

மாமாவுக்கு ஒரு சொல். கோபத்தில்தான் எழுதுகிறேன், ஆனால் கூப்பிடத்தான் எழுதுகிறேன். உம்மாவுக்கு இனி உங்களால் செய்ய ஒன்றும் இல்லை, துஆவைத் தவிர. வாப்பா இன்னும் உயிரோடு இருக்கிறார். அசருக்குப் பிறகு வாசலில் கதிரை போட்டு இருப்பார். உம்மா வாசித்துக் காட்டிய பத்திரிகையை இப்போது எழுத்துக் கூட்டித் தானே வாசிக்கப் பார்க்கிறார், முடியாமல் மடித்து வைக்கிறார். வாருங்கள். வந்து, மச்சான் என்று கூப்பிட்டு, பக்கத்தில் இருந்து ஒரு பக்கம் வாசித்துக் காட்டுங்கள். அவர் மையித்தான பிறகு டென்ட் கொண்டு வராதீர்கள்.

மூத்த மகள்